ஹர்லியும் கால்பந்தும்: அயர்லாந்தின் இரட்டை ஆட்டக்காரரைப் புரிந்துகொள்ள

அயர்லாந்தின் விளையாட்டுப் பக்கங்களைப் படிக்கத் தொடங்கும் எவருக்கும் ஒரு குறிப்பு கண்ணில் படும்: "கார்க் அணிக்காக ஹர்லிங்கும் கால்பந்தும் ஆடியவர்." கார்க் என்பது அயர்லாந்தின் ஒரு கவுண்டி, நம் மாவட்டம் போன்ற பகுதி. ஹர்லிங் மட்டையால் ஆடுவது. கால்பந்து என்று அங்கே சொல்வது கையாலும் காலாலும் ஆடும் கேலிக் கால்பந்தை. கிரிக்கெட்டும் ஹாக்கியும் ஆடியவர் என்பதுபோல, இரண்டு ஆர்வங்கள் கொண்ட ஒருவரைப் பற்றிய தகவலாகத்தான் அது முதலில் தெரியும். உண்மையில் இந்த இரண்டு ஆட்டங்களும் ஒரே அமைப்பின் கீழ், ஒரே மைதானத்தில், ஒரே பருவத்தில், பல ஊர்களில் ஒரே கிளப்பின் பெயரில் ஆடப்படுபவை. இரண்டையும் உச்ச நிலையில் ஆடுபவரை அங்கே இரட்டை ஆட்டக்காரர் என்கிறார்கள். ஒரு காலத்தில் சாதாரணமாக இருந்த இந்த வகை ஆட்டக்காரர் ஆண்கள் கவுண்டி அணிகளில் இன்று ஏறக்குறைய இல்லை. அதற்குக் காரணம் திறமைக் குறைவு அல்ல. ஆட்ட அட்டவணை மாறிவிட்டது. அது எப்படி என்று புரிய, முதலில் ஆட்டங்களைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

இரண்டுக்கும் பொதுவானவை

1884 நவம்பர் 1 அன்று டிப்பரேரி கவுண்டியின் தர்ல்ஸ் ஊரில், ஹேஸ் ஹோட்டலில் கூடிய கூட்டத்தில் கேலிக் தடகளச் சங்கம் உருவானது. மைக்கேல் கியூசாக், மாரிஸ் டேவின் ஆகியோர் அதன் முன்னோடிகள். அன்றிலிருந்து ஹர்லிங்கும் கேலிக் கால்பந்தும் அந்த ஒரே கூரையின் கீழ்தான்.

அணிக்கு 15 பேர். மைதானம் 130 முதல் 145 மீட்டர் நீளம், 80 முதல் 90 மீட்டர் அகலம். சாதாரணக் கால்பந்துத் திடலைவிடக் கணிசமாகப் பெரியது. இரு முனைகளிலும் உயர்ந்த இரட்டைக் கம்பங்கள் நிற்கும். அவற்றுக்கிடையே 6.5 மீட்டர் இடைவெளி, தரையிலிருந்து 2.5 மீட்டர் உயரத்தில் குறுக்குக் கம்பி, கம்பிக்குக் கீழே வலை. பந்து வலைக்குள் போனால் ஒரு கோல், அதாவது 3 புள்ளி. கம்பிக்கு மேலே, கம்பங்களுக்கு நடுவே போனால் 1 புள்ளி. மூத்தோர் (வயது வரம்பில்லாத முதல்நிலை) கவுண்டி ஆட்டம் 70 நிமிடம், கிளப் ஆட்டம் 60 நிமிடம்.

புதிதாகப் பார்ப்பவர் தடுமாறும் முதல் இடம் இந்தப் புள்ளிக் கணக்குதான். 5-15 என்று எழுதியிருந்தால் ஐந்து கோல், பதினைந்து புள்ளி, மொத்தம் 30. எதிரணி 2-21 என்றால் 27. கோல் எண்ணிக்கையை மட்டுமோ கோட்டுக்குப் பின்னால் உள்ள எண்ணை மட்டுமோ பார்த்தால் வென்றவரைத் தவறாகச் சொல்லிவிடுவீர்கள். கால்பந்தில் 2025 முதல் இன்னொன்றும் சேர்ந்திருக்கிறது. 40 மீட்டர் வளைவுக்கு வெளியே இருந்து உதைத்துக் கம்பிக்கு மேல் அனுப்பினால் 2 புள்ளி. பழைய பதிவுகளைப் படிக்கும்போது இது பொருந்தாது என்பதை நினைவில் வைக்க வேண்டும்.

யாருக்கும் சம்பளம் கிடையாது. பயணச் செலவு, உணவுச் செலவு கிடைக்கும், அரசின் சிறு உதவித்தொகை உண்டு, அவ்வளவே. ஆட்டக்காரர்கள் ஆசிரியர்களாகவும் விவசாயிகளாகவும் வங்கி ஊழியர்களாகவும் இருப்பார்கள். ஏலமும் ஒப்பந்தமும் இல்லை. பிறந்து வளர்ந்த தேவாலயப் பங்கின் (பாரிஷ்) கிளப்புக்கு ஆடி, அதிலிருந்து கவுண்டி அணிக்குத் தேர்வாவதுதான் வழி. இதனால் ஒரே கவுண்டியின் இரண்டு அணித் தேர்வாளர்களும் ஒரே ஆளைக் கேட்கும் நிலை இயல்பாகவே வருகிறது.

வேறுபடுவது கையும் உடலும்

ஹர்லிங்கின் மட்டை ஹர்லி எனப்படும். மரபாக ஆஷ் மரத்தில் செய்வது, முனை தட்டையாக அகன்றிருக்கும், அகலம் 13 சென்டிமீட்டருக்கு மிகக் கூடாது. ஆஷ் மரங்களைத் தாக்கும் பூஞ்சை நோய் பரவியதிலிருந்து மூங்கிலிலும் செயற்கைப் பொருளிலும் மட்டைகள் பெருகிவிட்டன. பந்தின் பெயர் ஸ்லிட்டர். தோலால் மூடி விளிம்புத் தையல் போட்டது, எடை 110 முதல் 120 கிராம். 2010 முதல் எல்லா வயதினருக்கும் தலைக்கவசம் கட்டாயம்.

ஸ்லிட்டரைத் தரையிலிருந்து நேரடியாகக் கையால் எடுக்கக் கூடாது. மட்டையால் உருட்டியோ குத்தியோ எழுப்பித்தான் கைக்குக் கொண்டுவர வேண்டும். கையில் வைத்துக்கொண்டு அதிகபட்சம் நான்கு காலடி. அதற்கு மேல் ஓட வேண்டுமானால் மட்டையின் முனையில் பந்தைச் சமன்செய்தபடியோ தட்டியபடியோ ஓடலாம். பந்தைக் கைக்கு எடுப்பதற்கும் எண்ணிக்கை உண்டு, மொத்தம் இரண்டு முறைதான். எதிராளி பின்னாலிருந்து தன் மட்டையை நீட்டி உங்கள் வீச்சைக் கொக்கி போட்டு நிறுத்தலாம். முன்னாலிருந்து மட்டையை வைத்து அடியைத் தடுக்கலாம். ஆகவே அடிப்பதற்குக் கிடைப்பது ஒரு நொடிக்கும் குறைவு.

கேலிக் கால்பந்தில் மட்டை இல்லை. வாலிபால் போலத் தோன்றும், அதைவிடக் கனமான தோல்பந்து. இதையும் தரையிலிருந்து கையால் அள்ள முடியாது, கால் விரலைக் கீழே கொடுத்துத் தூக்க வேண்டும். பெண்கள் கால்பந்தில் மட்டும் நேரடியாகக் கையால் எடுக்கலாம். நான்கு காலடிக்கு ஒரு முறை தரையில் தட்ட வேண்டும், அல்லது காலில் விட்டுக் கைக்கு மீட்க வேண்டும். தொடர்ந்து இரண்டு முறை தரையில் தட்டினால் பிழை. சகவீரருக்குக் கையால் கொடுக்கும்போது எறியக் கூடாது, கையால் அடிப்பது தெளிவாகத் தெரிய வேண்டும்.

பயிற்சியைப் பொறுத்தவரை இவற்றின் விளைவு வேறு வேறு. ஹர்லிங்கில் முதலில் போவது தொடுதல். பத்து நாள் மட்டை தொடாமல் இருந்துவிட்டு வருபவரின் ஓட்டமும் மூச்சும் அப்படியே இருக்கும், ஆனால் பந்து மட்டையிலிருந்து அரை அடி தள்ளிப் போய் விழும். உச்ச நிலையில் அந்த அரை அடி போதும், பந்து எதிராளியுடையது. அதனால்தான் ஹர்லிங்காரர்கள் சுவரில் பந்தடித்துப் பிடிப்பதை அன்றாடம் செய்கிறார்கள். கால்பந்தில் பந்து பெரியது, கைப்பழக்கம் அவ்வளவு விரைவில் கரைந்துவிடாது. ஆனால் மோதல் அதிகம், பந்தோடு ஓடும் தூரம் அதிகம். தோள்களிலும் தொடைகளிலும் எடை கேட்கும். ஹர்லிங்காரருக்கு அதே எடை மணிக்கட்டின் வேகத்துக்கு இடைஞ்சலாகலாம். ஓர் உடலை இரண்டுக்கும் ஏற்றபடி வைத்திருப்பதே முதல் சமரசம்.

இரண்டுக்கும் பாலமாக இருக்கும் திறமைகளும் உண்டு. அவற்றில் முக்கியமானது வானில் வரும் பந்தைக் குதித்துப் பிடிப்பது. கோல்காப்பாளர் நீளமாக அடித்து அனுப்பும் பந்து இரண்டு ஆட்டங்களிலும் நடுக்களத்தில்தான் இறங்கும். கால்பந்தில் இரு கைகளால் பிடிக்கலாம். ஹர்லிங்கிலோ ஒரு கையில் மட்டை, வெறுங்கையான மற்றதை நாலைந்து மட்டைகள் சுழலும் இடத்தில் நீட்ட வேண்டும். ஆனால் பந்து எங்கே இறங்கும் என்று கணிப்பதும், எதிராளிக்கு அரை நொடி முன்பு எம்புவதும் ஒன்றேதான். இரட்டை ஆட்டக்காரர்கள் பலர் நடுக்களத்திலோ அதற்கு அடுத்து முன்னாலுள்ள அரை முன்வரிசையிலோ ஆடியதற்கு இது ஒரு காரணம். இந்த எம்பலுக்குப் பெயர் போனவர்தான் டெடி மெக்கார்த்தி.

1990: பதினான்கு நாட்கள்

டெடி மெக்கார்த்தி 1965இல் பிறந்தவர், கார்க் நகரத்தை ஒட்டிய கிளான்மையர் ஊர்க்காரர். அங்கே ஹர்லிங்குக்கு ஒரு கிளப், சார்ஸ்ஃபீல்ட்ஸ். கால்பந்துக்கு வேறொன்று, கிளான்மையர். உறுப்பினர்களில் பலர் இரண்டுக்கும் பொது. கவுண்டி மூத்தோர் ஹர்லிங் சாம்பியன்ஷிப்பில் அவருடைய முதல் ஆட்டமே 1986இன் அகில அயர்லாந்து இறுதிப் போட்டிதான். கார்க் 4-13, கால்வே 2-15. முதல் ஆட்டத்திலேயே பதக்கம்.

கால்பந்தில் பாதை கரடுமுரடு. 1987இலும் 1988இலும் இறுதியில் மீத் அணியிடம் கார்க் தோற்றது, இரண்டாவது முறை மறு ஆட்டத்தில். 1989இல் மேயோவை 0-17, 1-11 என்று வென்றது. எண்ணிப் பாருங்கள், 17க்கு 14.

பிறகு 1990. செப்டம்பர் 2 அன்று டப்ளினின் குரோக் பார்க்கில் ஹர்லிங் இறுதி. இடைவேளையில் கால்வே முன்னிலையில் இருந்தது. இரண்டாம் பாதியில் கோல்களால் ஆட்டம் திரும்பியது, கார்க் 5-15, கால்வே 2-21. கோப்பையை வாங்கியவர் அணித்தலைவர் டோமாஸ் மல்கேஹி. கால்வே பந்தைக் கம்பிக்கு மேல் அனுப்பிய தடவைகள் ஆறு அதிகம், ஆனாலும் தோல்வி. கோலுக்கு மூன்று புள்ளி என்பதன் கனத்தை இந்த ஒரே ஸ்கோரில் கற்றுக்கொள்ளலாம்.

பதினான்கு நாள் கழித்து, செப்டம்பர் 16, அதே மைதானம், கால்பந்து இறுதி. எதிரே மறுபடியும் மீத். முதல் பாதியிலேயே கார்க் முன்கள வீரர் கோல்ம் ஓ'நீல் வெளியேற்றப்பட்டார். 14 பேரோடு ஆடிய கார்க் 0-11க்கு 0-9 என்று வென்றது. லாரி டாம்ப்கின்ஸ் தலைவர், பில்லி மார்கன் பயிற்சியாளர். ஹர்லிங் இறுதியில் ஆடிய மெக்கார்த்தி இங்கும் தொடக்க அணியில் இருந்தார்.

ஒரே ஆண்டில் ஒரு கவுண்டி இரண்டு கோப்பைகளையும் வெல்வதே அபூர்வம். கார்க் 1890இல் செய்தது, டிப்பரேரி 1895இலும் 1900இலும். அதன்பின் 1990 வரை யாருமில்லை, 1990க்குப் பிறகும் யாருமில்லை. ஒரே ஆண்டில் இரு மூத்தோர் இறுதிகளிலும் களத்தில் இறங்கி வென்றவர் என்ற இடம் மெக்கார்த்திக்கு மட்டும் உரியது. ஹர்லிங்கில் 1986, 1990; கால்பந்தில் 1989, 1990. ஆக நான்கு பதக்கங்கள். 2023 ஜூனில், 58 வயது நிறையும் முன்பே காலமானார்.

"களத்தில் இறங்கி" என்று அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. வென்ற அணியின் மாற்று ஆட்டக்காரர்களுக்கும் பதக்கம் உண்டு. ஒருவரின் பதக்க எண்ணிக்கையைப் பார்த்தால், அவற்றில் எத்தனை ஆடி வென்றவை, எத்தனை ஓர இருக்கையில் அமர்ந்து வென்றவை என்று கேட்பது இந்த வட்டாரத்தில் வழக்கமான கேள்வி. கேட்பதில் தவறில்லை, ஆனால் கார்க்கில் கேட்டால் பதில் நீண்டுபோகும்.

ஒருவரின் விளையாட்டு வாழ்க்கைப் பதிவை எப்படிப் படிப்பது

ஜிம்மி பேரி-மர்ஃபியை எடுத்துக்கொள்வோம். 1954இல் பிறந்தவர், கார்க் நகரின் செயின்ட் ஃபின்பார்ஸ் கிளப். இது மெக்கார்த்தியின் ஊர் போல அல்ல, ஒரே கிளப் இரண்டு ஆட்டங்களையும் ஆடுகிறது. பதிவில் முதலில் கிளப் வரி வரும். கிளப்புகள் முதலில் தம் கவுண்டிக்குள், பிறகு மாகாணத்தில், கடைசியில் அகில அயர்லாந்து அளவில் மோதும். செயின்ட் ஃபின்பார்ஸ் அந்தக் கடைசிக் கட்டத்தை ஹர்லிங்கில் 1975, 1978இலும் கால்பந்தில் 1980, 1981இலும் வென்றது.

அடுத்து கவுண்டி வரி. மைனர் என்பது பள்ளி வயதினர் அணி. அன்று 18 வயதுக்குட்பட்டோர், இப்போது 17. அதன் பிறகு 21க்கு உட்பட்டோர், இப்போது 20. அதற்கு மேல் மூத்தோர். பேரி-மர்ஃபி 19 வயதில் 1973 கால்பந்து இறுதியில் கால்வேக்கு எதிராக 2-1 அடித்தார், கார்க் வென்றது. அந்த 2-1 தனி ஆளின் கணக்கு: இரண்டு கோல், ஒரு புள்ளி. ஹர்லிங்கில் 1976, 1977, 1978, 1984, 1986 ஆகிய ஐந்து ஆண்டுகளில் வென்றார்.

மன்ஸ்டர் பதக்கம் என்றால் தெற்கு மாகாணத்தின் சாம்பியன்ஷிப். லீக் பதக்கம் என்றால் வசந்த காலப் போட்டி, மதிப்பு அதைவிடக் குறைவு. ஆல் ஸ்டார் என்பது அணி வெற்றியல்ல. ஆண்டு முடிவில் நாடு முழுவதிலிருந்தும் இடத்துக்கு ஒருவராகத் தேர்ந்து 15 பேருக்குத் தரும் விருது. பேரி-மர்ஃபிக்குக் கால்பந்தில் 2, ஹர்லிங்கில் 5.

இந்தப் பதிவில் புதியவர்கள் தவறவிடுவது 1980. அந்த ஆண்டு அவர் கவுண்டிக் கால்பந்தை விட்டார், ஹர்லிங்கைத் தொடர்ந்தார். அவருடைய மேலும் இரண்டு ஹர்லிங் வெற்றிகள் அதன் பிறகு வந்தவை. இரட்டை ஆட்டக்காரர்களின் வாழ்க்கையில் இப்படி ஒரு கைவிடல் ஆண்டு அநேகமாக இருக்கும். அந்த ஆண்டைக் கண்டுபிடித்தால் பதிவின் பாதி புரிந்துவிடும்.

அவருக்கு முன்னோடி ஜாக் லிஞ்ச். கிளென் ரோவர்ஸ் ஹர்லிங் கிளப், அதன் சகோதரக் கால்பந்துக் கிளப் செயின்ட் நிக்கலஸ். 1941, 1942, 1943, 1944இல் ஹர்லிங், 1945இல் கால்பந்து, 1946இல் மறுபடி ஹர்லிங் என்று அடுத்தடுத்து ஆறு ஆண்டுகள் அகில அயர்லாந்து வெற்றி. இரண்டு ஆட்டங்களையும் சேர்த்து இப்படி வென்றவர் வேறு எவரும் இல்லை. பின்னாளில் இரண்டு முறை அயர்லாந்தின் பிரதமர்.

எல்லாமே கார்க்காக இருக்கிறதே என்று தோன்றினால், அதற்குப் புவியியல்தான் காரணம். கில்கெனி ஹர்லிங்கில் மட்டும் வலிமை. கெரி கால்பந்தில் மட்டும். இரண்டிலும் முன்னணியில் நிற்கும் கவுண்டிகள் கைவிரல் எண்ணிக்கைதான். ஆஃபலி அப்படி இருந்த குறுகிய காலத்தில் லியம் கர்ரம்ஸ் 1981இல் ஹர்லிங்கும் 1982இல் கால்பந்தும் வென்றார்.

எங்கே உடைந்தது

மெக்கார்த்தி ஆடிய காலத்தில் சாம்பியன்ஷிப் நேரடி வெளியேற்ற முறை. ஒரு தோல்வி, வீட்டுக்குப் போகலாம். வென்றுகொண்டே போனாலும் நான்கைந்து ஆட்டங்களில் கோப்பை கையில். இரண்டு போட்டிகளுக்கும் சேர்த்து ஒரு கோடையில் பத்துக்குள் முடியும். இடையிடையே வாரக்கணக்கில் இடைவெளி. ஹர்லிங் இறுதி செப்டம்பரின் முதல் ஞாயிறு, கால்பந்து மூன்றாம் ஞாயிறு என்ற மரபு இரண்டு வார மூச்சைக் கொடுத்தது.

1997இல் ஹர்லிங்கிலும் 2001இல் கால்பந்திலும் தோற்றவர்களுக்கு மறுவாய்ப்பு வந்தது, ஆட்டங்கள் கூடின. 2018இல் ஹர்லிங் மாகாணப் போட்டிகள் சுழல்முறைக்கு மாறின. மன்ஸ்டரில் ஐந்து அணிகள், ஆளுக்கு நான்கு ஆட்டம். அதை வென்று கோப்பை வரை போனால் ஏழு. கால்பந்திலும் 2023 முதல் 2025 வரை குழுச் சுற்று இருந்தது, சாம்பியனான அணிகள் ஒன்பது ஆட்டம் ஆட வேண்டியிருந்தது. 2022 முதல் பருவத்தையும் பிரித்துவிட்டார்கள். ஆண்டின் முதல் பாதி கவுண்டிக்கு, பின்பாதி கிளப்புக்கு. இறுதிகள் ஜூலைக்கு வந்தன, இடைவெளி ஒரே வாரம். ஏப்ரல் முதல் ஜூலை வரை ஏறத்தாழ பதினைந்து வாரத்தில் பதினாறு உச்ச ஆட்டங்கள் வரை. அதற்கு முன் லீக்.

நடைமுறையில் இப்படித்தான் சிக்கும். ஹர்லிங் அணிக்குச் செவ்வாய், வெள்ளி பயிற்சி. கால்பந்துக்குப் புதன், வெள்ளி. இரண்டுக்கும் தனித்தனி உடற்பயிற்சித் திட்டம். கடினமான ஆட்டத்துக்குப் பிறகு தொடைத் தசைகள் மீள இரண்டு மூன்று நாள் வேண்டும். அந்த நாட்களில் மற்ற அணியின் வேக ஓட்டம் வந்து விழும். முதலில் இடுப்பு மடிப்பில் வலி, பிறகு தொடையின் பின்தசைக் கிழிசல். நான்கு வாரம் ஓய்வு என்றால் இரண்டு அணிகளிலும் இடம் போகும். ஒவ்வொரு பயிற்சியாளரும் தன் பயிற்சி மட்டும்தான் நடந்தது என்பதுபோலத் திட்டமிடுவதே இதன் மூலம்.

சமாளிக்க நினைப்பவர்கள் பருவம் தொடங்கும் முன்பே சிலவற்றை எழுதி வைத்துக்கொள்கிறார்கள். அடுத்த ஆட்டம் எந்த அணிக்கோ அந்த வாரம் அந்த அணியின் பயிற்சியாளருடையது. ஓட்டப் பயிற்சி ஓர் அணியோடு மட்டும், மற்ற அணியோடு பந்து வேலையும் ஆட்ட உத்தியும் மட்டும். மொத்தச் சுமையைக் கணக்கு வைப்பவர் ஒருவராக இருக்க வேண்டும், இரண்டு பயிற்சியாளர்களும் அவர் சொல்வதைக் கேட்க வேண்டும். கடைசி நிபந்தனைதான் பெரும்பாலும் முறிவது. மே மாதம் வரை ஒத்துழைப்பார்கள், ஒரு தோல்வி வந்ததும் இருவருக்கும் அந்த ஆட்டக்காரர் தேவைப்படுவார்.

1999இல் கார்க்கின் ஷான் ஓக் ஓ ஹால்பீன் இரண்டு இறுதிகளையும் எட்டினார். செப்டம்பர் 12 அன்று ஹர்லிங்கில் கில்கெனியை 0-13, 0-12 என்று வென்றார். அந்த அணியின் மேலாளர் ஜிம்மி பேரி-மர்ஃபி. இரு வாரம் கழித்துக் கால்பந்தில் மீத்திடம் தோல்வி. 2014இல் கார்க்கின் எயிடன் வால்ஷும் கிளேரின் பாட்ஜ் காலின்ஸும் இரண்டிலும் முயன்றார்கள். ஆண்கள் கவுண்டி மட்டத்தில் அதன்பின் அத்தகைய முயற்சிகள் அரிது.

பெண்கள் பக்கம் இது நீண்ட நாள் தாங்கியது. அங்கே ஹர்லிங்கின் பெயர் கமோகி. கார்க்கின் ரீனா பக்லி கால்பந்தில் 11, கமோகியில் 7 என்று 18 அகில அயர்லாந்து பதக்கங்கள் வென்றவர். 2012இல் கால்பந்து அணிக்கும் 2017இல் கமோகி அணிக்கும் தலைவராகக் கோப்பை வாங்கினார். ஆனால் கமோகியையும் பெண்கள் கால்பந்தையும் நடத்துபவை இரண்டு தனி அமைப்புகள். ஒரே வார இறுதியில் இரண்டு ஆட்டங்கள் மோதுவது அவர்களின் நெடுநாள் குறை.

இன்று இரட்டை ஆட்டக்காரரைப் பார்க்க வேண்டுமானால் கிளப் ஆட்டங்களுக்குத்தான் போக வேண்டும். ஒரே ஊர், ஒரே மைதானம், இரண்டு அணிகளுக்கும் பெரும்பாலும் அதே முகங்கள். ஒரு வாரம் ஹர்லிங், மறுவாரம் கால்பந்து என்று கவுண்டி நிர்வாகம் அட்டவணை போடுகிறது. டெர்ரி கவுண்டியின் ஸ்லாக்நீல் கிளப் 2016இல் அல்ஸ்டர் மாகாணத்தின் ஹர்லிங், கால்பந்து, கமோகி மூன்றையும் வென்றது. டப்ளினின் கூலா கிளப்பில் கான் ஓ'கலகன் 2017, 2018இல் அகில அயர்லாந்து கிளப் ஹர்லிங் வென்ற அணியில் இருந்தார், 2025 ஜனவரியில் அதே கிளப்பின் கால்பந்து அணியோடும் அகில அயர்லாந்து பட்டம் வென்றார். கவுண்டிக்கு அவர் ஆடுவது கால்பந்து மட்டும்.